மாப்பிள்ளையோடு வந்த நிழல்

தனுஷ்கோடி வீட்டுக்குப் பஞ்சவர்ணக் கிளி வந்து இறங்கிய அன்று, எண்ணெய்க்காரத் தெருவின் மேல்பாதியில் ஒரு பெரிய மரத்தின் நிழல் விழுந்தது. மரம் மட்டும் எங்கேயும் இல்லை. முதலில் பார்த்தவர் இஸ்திரி போடும் முத்துவீரன். அவர் யாரிடமும் எதுவும் விசாரிக்கவில்லை. வண்டியைத் தள்ளிக்கொண்டுபோய் நிழலுக்குள் நிறுத்தி, கரியை ஊதிக் கனியவைத்து, வழக்கம்போல முதல் வேட்டியை விரித்தார். அதற்குப் பிறகுதான், முதுகு எரியவில்லையே என்று அண்ணாந்து பார்த்தார். மேலே வானம் வெறுமனே கிடந்தது. அவர் மறுபடி குனிந்து வேட்டியின் கரையைத் தேய்க்கத் தொடங்கினார்.

அது வெயிலுக்கு வாக்கப்பட்ட ஊர். சுற்றிலும் கரிசல் காடு, ஊருக்குள் தீப்பெட்டி ஆபீசுகளும் மாடி வீடுகளும், மாசி பிறந்தால் பூனைகூடப் பகலில் தெருவைக் கடக்காது. எண்ணெய்க்காரத் தெருவில் முன்பு இரண்டு பக்கமும் வேம்பு நின்றது. சிமெண்டு ரோடு வரப்போகிறது என்று தெரிந்ததும், வேர் ரோட்டைப் பெயர்க்கும், இலை சாக்கடையை அடைக்கும், காக்கா கார்மேல் எச்சம் போடும் என்று தெருக்காரர்களே கையெழுத்துப் போட்டு மனுக் கொடுத்து அத்தனையையும் வெட்டவைத்தார்கள். வெட்டி முடித்த அன்று தெருவே பளிச்சென்று ஆகிவிட்டது என்று எல்லாருக்கும் சந்தோஷம். அந்தச் சந்தோஷம் அடுத்த பங்குனி வரைக்கும் தாங்கியது. அதற்குப் பிறகு வெட்டச் சொன்னது யார் என்று கேட்டால் எல்லாரும் பக்கத்து வீட்டைக் காட்டினார்கள்.

தனுஷ்கோடி பெயிண்ட் கடைக்காரர். சகலை ஒருத்தர் விலை உயர்ந்த நாய் வாங்கிவிட்டார் என்ற ஒரே காரணத்துக்காக, மாவட்டத்தில் எவனிடமும் இல்லாத ஒன்று தன் வீட்டில் இருக்கவேண்டும் என்று தீர்மானித்தவர். வெளிநாட்டுச் சாமான் எது கேட்டாலும் கொண்டுவந்து தருகிற ஒரு ஆளிடம், ஊரில் அவனை 'ஃபாரின்' பாண்டி என்றுதான் சொல்வார்கள், அவர் சொல்லிவைத்தார். பாண்டி ஒரு செருப்புப் பெட்டியில் ஓட்டை போட்டுக் கொண்டுவந்து வைத்தான். உள்ளே இறகு முளைக்காத, கண் பாதி திறந்த, பெரிய அலகும் சுருங்கிய தோலுமாக ஒரு குஞ்சு இருந்தது. கடல் தாண்டி எங்கோ பெரிய ஆறு ஓடுகிற காட்டிலிருந்து வந்தது என்றான். எந்த நாடு என்று கேட்டதற்கு, தூரத்து நாடு என்றான்.

குஞ்சை வளர்த்தது அவர் மனைவி பூரணம். கடையில் கலர் கலக்குகிற மிஷினில் உட்காருவது அவள்தான், துணியைக் காட்டினால் போதும், அதே நிறத்தைச் சுவரில் கொண்டுவந்துவிடுவாள். அவள் ஊசி போடும் சிரிஞ்சில் வெதுவெதுப்பாகக் கூழ் எடுத்து, மடியில் வைத்து, தொண்டை நனைகிறதா என்று பார்த்துப் பார்த்துப் புகட்டினாள். இறகு முளைத்தது. தலையும் நெஞ்சும் சிவப்பு, தோளில் மஞ்சள், அதற்குக் கீழே நீலம். அந்தச் சிவப்பை மட்டும் மிஷினில் எத்தனை முறை கலந்து பார்த்தும் அவளால் பிடிக்க முடியவில்லை. ஊறவைத்த பாதாம், முந்திரி, உரித்த மாதுளை என்று தின்றுவிட்டு ஹாலின் நடுவே கூண்டின்மேல் கால்மேல் கால் போடாத குறையாக உட்கார்ந்திருந்ததால் அதற்கு மாப்பிள்ளை என்று பெயர் விழுந்தது. பறந்துவிடக்கூடாது என்று தனுஷ்கோடி ஆள் வைத்து அதன் இறக்கையை, மறுபடி முளைக்காதபடி, கணுவோடு கத்தரித்தார்.

நிழல் தெருவுக்குப் பழகிப்போக ஒரு வாரம்கூட ஆகவில்லை. அது மற்ற நிழல்களைப்போல வெயிலோடு சுற்றி வராமல், கிடந்த இடத்திலேயே கிடந்தது. தனுஷ்கோடி வீட்டு வாசலில் அடிமரம் தொடங்கி, தெருவோடு நீண்டு, மேல்பாதி வீடுகள் அத்தனையையும் கிளைகளால் மூடி, கீழ்பாதி தொடங்குகிற குழாயடிக்கு முன்னால் கத்தியால் நறுக்கியதுபோல நின்றுவிட்டது. மின்சார வாரியத்து ஆள் வந்து கம்பியில் கிளை உரசுமா என்று பார்த்துவிட்டு, உரச ஒன்றும் இல்லை என்று எழுதிக்கொண்டு போனார். நகராட்சியில் கேட்டபோது மரத்துக்குத்தான் விதி இருக்கிறது, நிழலுக்கு இல்லை என்றார்கள். கோயில் பூசாரி வந்து நின்று யோசித்து, இது சாமி மரமாக இருந்தால் மஞ்சள் துணி கட்டலாம், எதில் கட்டுவது என்று கேட்டுவிட்டுப் போனார். அத்தோடு விசாரணை முடிந்தது.

பிறகு மேல்பாதிக்காரர்கள் அந்த நிழலில் வாழத் தொடங்கினார்கள். ஆட்டோக்காரர்கள் ஸ்டாண்டை மாற்றிக்கொண்டார்கள், வடகம் காயவைக்கிறவர்கள் மட்டும் கீழ்பாதிக்குப் போனார்கள். டியூசன் பிள்ளைகள் வெளியே பாய் விரித்தார்கள், பந்தல் போடாமலே ஒரு கல்யாணம் நடந்தது, மத்தியானத்தில் பெரியவர்கள் கட்டிலை இழுத்துப் போட்டுக் குறட்டை விட்டார்கள். வாடகை வீடு என்று எழுதித் தொங்கவிட்ட அட்டையில் தண்ணீர் வசதிக்கு அடுத்த வரியாக நிழல் வசதி என்று சேர்த்தார்கள். நிழலில் இலை உதிர்ந்தது. உதிர்ந்த இலையின் நிழல் தரையில் வந்து படியும், காலையில் பெண்கள் வாசல் தெளிக்கும்போது அதையும் சேர்த்துப் பெருக்குவார்கள், அது விளக்குமாற்றுக்கு வராது, வராது என்று தெரிந்தும் பெருக்குவார்கள். மழைக்காடு எதையும் பார்த்தறியாத அந்தத் தெருவில், சில நாள் காலையில், நனைந்த மண்ணின் வாசனை வந்தது. பூரணம் மட்டும், கலர் பார்த்துப் பழகிய கண் என்பதால், அந்த நிழல் கறுப்பு இல்லை, உற்றுப் பார்த்தால் அடியில் பச்சை ஓடுகிறது என்று கண்டுபிடித்தாள்.

தெருவில் நீண்டு கிடந்த அடிமரத்தின் நிழலில், உச்சிப் பக்கமாக, பானை வாயளவுக்கு ஒரு வட்டம் மட்டும் வெளிச்சமாக இருந்தது. மரத்தில் இரண்டு பக்கமும் திறந்து, ஊடுருவிக் கிடந்த பொந்து அது. சாயங்காலமானால் இரண்டு பறவைகளின் நிழல், நீளமான வாலோடு, ஒன்றை ஒன்று உரசுகிற மாதிரி சேர்ந்தே பறந்து வரும். அதில் ஒன்றுக்கு வால் நடுவில் ஓர் இறகு இல்லை, பல் போன சீப்புப்போல அந்த இடைவெளி தரையில் தெரியும். இரண்டும் பொந்துக்குள் போகும், வெளியே வரும், மரத்தைச் சுற்றும், மறுபடி போகும், மறுபடி வெளியே வரும். பொழுது சாய்கிறவரைக்கும் இதேதான். அந்த நேரத்தில் வீட்டுக்குள் மாப்பிள்ளை கழுத்தை நீட்டி, தொண்டை கிழியக் கத்தும். தெருப் பிள்ளைகள் அந்த நிழல்களுக்கு மாமனார், மாமியார் என்று பெயர் வைத்தார்கள். சொந்தக்காரர்கள் வந்தால் முறுக்கும் காப்பியும் கொடுத்து, சாயங்காலம் வரை இருந்து இதையும் பார்த்துவிட்டுப் போங்கள் என்று உட்காரவைத்தார்கள். நல்ல வேடிக்கையாகத்தான் இருந்தது.

வருகிறவர்களைப் பூரணம் வாசலில் நின்று, "வாங்க, நிழல்ல உக்காருங்க" என்று கூப்பிடுவாள். கேட்டுக் கேட்டு மாப்பிள்ளையும் அதைப் பிடித்துக்கொண்டது. அவள் குரலிலேயே, அவள் இழுக்கிற இடத்திலேயே இழுத்து, யார் படியேறினாலும் சொன்னது. அவளுக்கு அதில் ஒரு பெருமை இருந்தது.

ஐப்பசி மழையில் 'ஃபாரின்' பாண்டி அந்தப் பக்கம் வந்தவன் கடையில் ஒதுங்கினான். பூரணம் அவனுக்குக் குடிக்கக் கலர் சோடா வாங்கிக் கொடுத்து, அந்தக் குஞ்சை எப்படி எடுத்தார்கள் என்று சும்மா பேச்சுக்குத்தான் கேட்டாள். அவனும் சும்மா பேச்சுக்குத்தான் சொன்னான்.

"நூறு வருசத்து மரத்துலதான்க்கா பொந்து விழும். அம்புட்டு ஒசரம் எவன் ஏறுவான்? அடியில மிஷினை வச்சு அறுத்து விட்டிருவானுவ. விழுந்த பெறவு பொந்துக்குள்ள கைய விட்டுப் பாப்பானுவ, உசுரோட கெடந்தா எடுத்துக்கிடுவானுவ."

"இல்லாட்டா?"

"இல்லாட்டா அடுத்த மரம்."

அவன் பாட்டிலைக் கீழே வைத்துவிட்டு, அந்தக் காட்டிலும் இப்போது மாடு மேய்க்க எல்லாவற்றையும் அழித்துவிட்டார்கள், கிழட்டு மரமே அபூர்வம், அதனால்தான் விலை ஏறிக்கொண்டே போகிறது, நீங்கள் நல்ல நேரத்தில் வாங்கிவிட்டீர்கள் என்று பாராட்டிவிட்டுப் போனான். பூரணம் அன்றைக்கு மிஷினில் கலந்த கலர் எதுவும் சரியாக வரவில்லை. வீட்டுக்குப் போகும்போது மழை விட்டு வெயில் அடித்தது. வாசலில் நிழல் பரந்து கிடந்தது. அவள் அதன் ஓரத்தில் செருப்பைக் கழற்றிவிட்டு நின்றாள். உள்ளே கால் வைக்கக் கூசியது.

தனுஷ்கோடியிடம் சொன்னாள். வாயை மூடிக்கொண்டு இரு என்றார். ஆனால் அந்தத் தெருவில் எந்தப் பேச்சும் ஒரு வீட்டுக்குள் நின்றதில்லை, மறுநாளே எல்லாருக்கும் தெரிந்துவிட்டது. தெரிந்ததும் ஒரு சாயங்காலம் மட்டும் மேல்பாதிக்காரர்கள் யாரும் வெளியே உட்காரவில்லை. அடுத்த நாள் யாரோ, மரம் விழுந்தது விழுந்துவிட்டது, நாம் வெயிலில் நின்றால் அது முளைத்துவிடுமா என்று கேட்டார்கள். நியாயமான கேள்வியாகத்தான் பட்டது. கட்டில்கள் திரும்ப வெளியே வந்தன.

கார்த்திகையில் அந்த இரண்டு பறவை நிழல்களும் வருவதை நிறுத்திவிட்டன. பொந்தின் வட்டம் காலியாகக் கிடந்தது. மறந்துவிட்டன என்றார்கள் சிலர், தேறிவிட்டன என்றார்கள் சிலர். பூரணத்துக்கு மட்டும் நெஞ்சிலிருந்த கல்லை யாரோ இறக்கிவைத்த மாதிரி இருந்தது. வேறு மரம் கிடைத்திருக்கும், வேறு பொந்து பார்த்திருப்பார்கள், அதில் முட்டை வைத்திருப்பார்கள் என்று தனக்குத்தானே சொல்லிக்கொண்டாள். நினைக்க நினைக்க அது உண்மையாகவே நடந்ததுபோல ஆகிவிட்டது. ஒரு நாள் சமையல் செய்துகொண்டே பாட்டுக்கூடப் பாடினாள்.

கீழ்பாதியில் வெயில் பழையபடிதான் அடித்தது. அங்கே எண்ணெய்க் கடை வைத்திருந்த அய்யாத்துரை, தெரு நலச் சங்கத்துக்குச் செயலாளர், மற்றபடி கெட்டவர் இல்லை. அவர் மருமகள் செல்வரதிக்குத் தையில் பிள்ளை பிறந்திருந்தது. பங்குனி வந்ததும் பிள்ளை உடம்பெல்லாம் வேர்க்குரு கொப்பளித்து, பகல் முழுக்க வீறிட்டது. செல்வரதி அதைத் தூக்கிக்கொண்டு மேல்பாதி நிழலுக்கு வருவாள், இரண்டு மூன்று நாள் பேசாமல் இருந்த மேல்பாதிக்காரர்கள் நாலாம் நாள் இடம் நெருக்கமாக இருப்பதைப் பற்றி அவள் காதில் விழும்படி பேசினார்கள். அவள் அப்புறம் வரவில்லை. அய்யாத்துரை வீடு வீடாகப் போய்க் கீழ்பாதிக்காரர்களிடம் வசூல் செய்து, பாண்டியைக் கூப்பிட்டு, இதேபோல இன்னொன்று வேண்டும் என்றார். கிளி எப்படியிருந்தாலும் பரவாயில்லை, மரம் பெரிதாக இருக்கவேண்டும் என்றும் சொன்னாராம்.

சங்கக் கூட்டத்துக்குப் பூரணம் போனாள். பெண்கள் அங்கே பேசுவது வழக்கமில்லை, அவள் எழுந்து நின்று, இன்னொரு பெட்டி இங்கே வரவேண்டுமென்றால் அங்கே இன்னொரு மரத்தைச் சாய்க்கவேண்டும், தெரியாமல் செய்தது எங்களோடு போகட்டும், தெரிந்து செய்யாதீர்கள் என்றாள். அய்யாத்துரை கோபப்படவில்லை.

"மதினி, நீங்க நிழல்ல நின்னுக்கிட்டு எங்களுக்குச் சொல்லுதீக" என்றார். "எங்க பிள்ளைய ஒரு மத்தியானம் வந்து பாருங்க. பாத்துட்டு அப்புறம் சொல்லுங்க, கேட்டுக்கிடுதேன்."

அவள் கீழ்பாதிக்காரர்கள் பக்கம் திரும்பிக்கொண்டாள். பிறகு, மாப்பிள்ளையின் கூண்டைக் குழாயடிக்குக் கொண்டுவந்து வைத்துவிடுகிறேன், கூண்டு நிற்கிற இடத்துக்குத்தான் நிழல் வரும், நடுத்தெருவுக்கு வந்துவிடும், இரண்டு பாதிக்கும் பாதிப் பாதி என்றாள். கீழ்பாதிக்காரர்கள் யோசித்தார்கள். மேல்பாதிக்காரர்கள் யோசிக்கவே இல்லை. முடியாது என்று முதலில் சொன்னது தனுஷ்கோடி. என் காசில் வாங்கிய கிளி, என் வாசலில் விழுந்த நிழல் என்றார். அவருக்குப் பின்னால் அவருடைய பாதித் தெரு முழுக்கத் தலையாட்டியது.

இன்னும் ஒரு வழி இருந்தது. வனத்துறை அலுவலகத்துக்கு ஒரு போன் போட்டு, இங்கே இப்படி ஒரு பறவை இருக்கிறது, வந்து கொண்டுபோங்கள் என்று சொன்னால், நிழலும் அதோடு போய்விடும், பார்த்துப் பொறாமைப்பட ஒன்றும் இருக்காது, அய்யாத்துரையும் விட்டுவிடுவார். நம்பரைத் தேடி எடுத்துச் செல்போனில் போட்டுவைத்தாள். போடலாம் என்று கையில் எடுத்தபோது மத்தியானம். சமையலறை ஜன்னலுக்கு வெளியே நிழல், உள்ளே மண்பானையைத் தொட்டதுபோலக் குளிர்ச்சி, தெருவுக்கு அப்பால் வெயில் வெள்ளையாகக் கொதித்துக்கொண்டிருந்தது. கத்திரி வெயில் முடியட்டும் என்று நினைத்தாள். கத்திரி முடிந்ததும் போட்டுவிடலாம், அதற்குள் என்ன ஆகிவிடப்போகிறது. போனை ஸ்டாண்டில் வைத்துவிட்டு முருங்கைக்காயை நறுக்கினாள்.

கத்திரி முடியவில்லை. சித்திரைக் கடைசியில் பாண்டி வந்தான், இந்தத் தடவையும் ஒரு செருப்புப் பெட்டி. அய்யாத்துரை வீட்டு வாசலில் அவன் மூடியைத் திறந்ததும், குழாயடியிலிருந்து தெரு முனை வரைக்கும் இரண்டாவது நிழல் படபடவென்று வந்து விழுந்தது. இதுவும் பெரிய மரம், ஆனால் முதல் மரத்தைப்போல நிமிர்ந்தது இல்லை. ஒரு பக்கம் கிளை முறிந்து, நடுவில் இடி விழுந்த மாதிரிப் பிளந்து, வேறு வழியில்லாதவர்கள் குடியேறுகிற வீடுபோல இருந்தது. கீழ்பாதிக்காரர்கள் கைதட்டினார்கள். சர்க்கரைப் பொங்கல் வைத்தார்கள். செல்வரதி பிள்ளையைத் தூக்கிவந்து நிழலில் பாய் விரித்துப் படுக்கவைத்தாள், அது நெடுநாளைக்குப் பிறகு அழாமல் தூங்கியது. அதைப் பார்த்து அய்யாத்துரைக்குக் கண் கலங்கியது. அந்தக் கண்ணீரைக் குறை சொல்ல யாராலும் முடியாது.

பொழுது சாயும் நேரம், சாமி கும்பிடுகிற கூட்டம்போல எல்லாரும் வாசலில் நின்றார்கள். புது மரத்துக்கும் மாமனார், மாமியார் வருவார்களா என்று பிள்ளைகள் கேட்டுக்கொண்டிருந்தார்கள்.

வந்தார்கள். இரண்டு பறவைகள், நீளமான வால், ஒன்றை ஒன்று உரசுகிற மாதிரி. முறிந்த மரத்தின் பொந்தைச் சுற்றி வந்தன, உள்ளே போயின, வெளியே வந்தன, மறுபடி உள்ளே போயின. தரையைப் பார்த்துக்கொண்டிருந்த ஒரு பெண்பிள்ளைதான் முதலில், "இது அதே ஆளுக" என்றது. அதில் ஒன்றுக்கு வால் நடுவில் ஓர் இறகு இல்லை.

மேல்பாதியிலிருந்து மாப்பிள்ளை கத்தியது. கீழ்பாதிப் பெட்டிக்குள்ளிருந்து, இன்னும் இறகு முளைக்காத குஞ்சு மெல்லியதாகப் பதில் சொன்னது. பறவை நிழல்கள் இரண்டும் புது மரத்தை விட்டு எழும்பி, தெருவோடு பறந்து, நின்றவர்களின் கால்களின்மேலும் வயிற்றின்மேலும் முகத்தின்மேலும் ஏறி இறங்கி, பழைய மரத்தின் பொந்துக்குப் போயின. அங்கிருந்து புதுப் பொந்துக்கு வந்தன. மறுபடி பழைய பொந்துக்குப் போயின. ஒவ்வொரு தடவையும் அந்தச் சீப்பின் இடைவெளி ஆட்களின் வெள்ளைச் சட்டைகளின்மேல் ஊர்ந்து போயிற்று. தனுஷ்கோடி சட்டையைத் தட்டிவிட்டுக்கொண்டார். போகிறதா என்ன. பூரணம் தன் வாசலில் உட்கார்ந்துவிட்டாள். வேறு மரம் கிடைத்திருக்கும் என்று அவள் நினைத்தது சரிதான். கிடைத்திருந்தது. அதைத்தான் வெட்டவைத்தார்கள். ஒரு போன் போட்டிருந்தால் அது நின்றிருக்கும், அவள் முருங்கைக்காய் நறுக்கினாள். அவமானத்தில் உடம்பெல்லாம் எரிந்தது, அத்தனை நிழலிலும்.

மறுநாள் காலையில் முத்துவீரன் இஸ்திரி வண்டியைத் தள்ளிக்கொண்டுபோய் நிழலுக்கு வெளியே, சுட்டெரிக்கிற மூலையில் நிறுத்தினார். யாரும் சொல்லி அவர் செய்யவில்லை. அதற்குப் பிறகு கட்டில்கள் ஒவ்வொன்றாக உள்ளே போயின. மாவட்டத்திலேயே இப்படியொரு நிழல் இல்லை, ஆனால் அந்தத் தெருக்காரர்கள் சுவர் ஓரம் கிடைக்கிற ஒரு சாண் வெயிலைத் தேடி அதில் கால் வைத்து நடந்தார்கள். பக்கத்துத் தெருவிலிருந்து நாலு பேர் பழத்தட்டோடு வந்து, இது எங்கே கிடைக்கும், யாரிடம் சொல்லவேண்டும் என்று கேட்டார்கள். அய்யாத்துரை அவர்களை நிழலின் ஓரம் வரைக்கும் கூட்டிப்போய், சாயங்காலம் வரைக்கும் பக்கத்தில் நின்று, இரண்டு மரத்துக்கும் நடுவில் அந்தப் பறவைகள் போய்வருவதைக் காட்டினார். எங்கள் தெரு செய்த வேலை இது என்று அவர் வாயாலேயே சொன்னார். அவர்கள் பழத்தட்டைத் திரும்ப எடுத்துக்கொண்டு போனார்கள்.

அந்த வாரத்தில் ஒரு நாள் பூரணம் மாப்பிள்ளையைத் தோளில் ஏற்றிக்கொண்டு தெருவுக்கு வந்தாள். அடிமரத்தின் நிழலில் அந்த வெளிச்ச வட்டம் விழுகிற இடத்தைப் பார்த்து, சிமெண்டுத் தரையில், அதன் நடுவே அதை இறக்கிவிட்டாள். என்ன நினைத்து அப்படிச் செய்தாள் என்று கேட்டால் அவளுக்கே சொல்லத் தெரியாது. பறவை நிழல்கள் வந்தன. மாப்பிள்ளையின் இருபுறமும் இறங்கின. மாப்பிள்ளை தலையைத் திருப்பித் திருப்பிப் பார்த்தது, பக்கத்தில் ஒன்றும் இல்லை. ஆனால் தரையில் கிடந்த அதன் நிழல் வாயைத் திறந்தது. வாலில் இறகில்லாத நிழல் குனிந்து, அலகோடு அலகு வைத்து, அதற்கு இரை ஊட்டியது. கிளிக்கு ஒன்றும் கிடைக்கவில்லை, அதன் நிழலுக்குக் கிடைத்தது. பார்த்துக்கொண்டிருந்த செல்வரதி வீட்டுக்குள் போய், தன் பிள்ளையை இடுப்பிலும் குஞ்சை உள்ளங்கையிலும் வைத்துக்கொண்டு வந்து, முறிந்த மரத்தின் பொந்து வட்டத்தில் அதை இறக்கிவைத்தாள்.

அன்று முதல் தினமும் இதுதான் நடந்தது. அந்த நேரத்தில் வண்டி எதுவும் தெருவுக்குள் வராது, டிவியை நிறுத்திவிடுவார்கள். குஞ்சுக்கு உடம்பில் இன்னும் பஞ்சுதான் இருந்தது, அதன் நிழலுக்கோ இறக்கை வளர்ந்து நீண்டுவிட்டது. கத்தரித்த இறக்கையோடு உட்கார்ந்திருந்த மாப்பிள்ளையின் நிழலுக்கும் இறக்கை முழுசாகிவிட்டது. தனுஷ்கோடி ஜன்னல் திரையை விலக்கி அதைப் பார்ப்பார், யாராவது திரும்பினால் திரையை விட்டுவிடுவார்.

ஆடி மாதம், காற்று கண்மண் தெரியாமல் அடித்த ஒரு சாயங்காலம், நான்கு நிழல்கள் எழும்பின. இரண்டு முன்னால், இரண்டு பின்னால். மாப்பிள்ளை தன்னுடைய நிழல் காலடியிலிருந்து கழன்று போவதைப் பார்த்துக் கத்திக்கொண்டு அதன் பின்னாலேயே தாவியது, வெட்டுப்பட்ட இறக்கையை அடித்தது, சிமெண்டு ரோட்டில் நெஞ்சு மோத விழுந்தது. மறுபடி தாவியது, மறுபடி விழுந்தது. பூரணம் ஓடிப்போய் அதை எடுத்து நெஞ்சோடு வைத்துக்கொண்டாள். நான்கு நிழல்களும் தண்ணீர்த் தொட்டியின்மேல் ஏறி, அதற்கப்பால் கரிசல் காட்டின்மேல் போய், கறுப்பு மண்ணில் தெரியாமல் ஆயின. அவற்றின் பின்னாலேயே இரண்டு மரங்களின் நிழல்களும், வேர் முதல் நுனி வரை, பாயைச் சுருட்டுவதுபோலச் சுருண்டு தெருவை விட்டுப் போய்விட்டன.

பூரணம் அன்றைக்கே வனத்துறைக்குப் போன் போட்டாள். வந்து பார்த்தார்கள். இறக்கை போய், மனுசன் கையில் வளர்ந்த பறவை எந்தக் காட்டிலும் பிழைக்காது என்று சொன்னார்கள். அவர்கள் குனிந்து, தூக்கி, விளக்கைப் பிடித்துப் பார்த்தும் அந்தப் பறவைகளுக்கு நிழல் விழவில்லை. அப்படியொன்றை எந்தப் பிரிவில் சேர்ப்பது என்று மேலிடத்துக்குக் கேட்டு எழுதியிருக்கிறார்கள், பதில் வரும்வரை இரண்டும் இங்கேயே இருக்கட்டும் என்று சொல்லிவிட்டார்கள், இன்னும் வரவில்லை.

அய்யாத்துரை குழாயடியில் ஒரு வேப்பங்கன்று நட்டிருக்கிறார். ஆடு கடிக்காமல் முள் கட்டி, தினமும் இரண்டு குடம் ஊற்றுகிறார். அது அவர் முழங்காலுக்கு வந்திருக்கிறது. செல்வரதியின் பிள்ளை நடக்க ஆரம்பித்து, அந்தக் கன்றின் நிழலில் உட்காரப் பார்த்து, இடம் பற்றாமல் எழுந்து போகிறது.

பஞ்சவர்ணக் கிளிக்கு ஆயுசு மனுசனுக்குச் சமம் என்கிறார்கள். வாங்கினவர்கள் போன பிறகும் அது இருக்கும். இந்தச் சித்திரையிலும், சிமெண்டு கொதிக்கிற மத்தியானத்தில், தெருவில் யார் போனாலும் மாப்பிள்ளை தலையைச் சாய்த்துப் பார்த்து, பூரணத்தின் குரலில், அவள் இழுக்கிற இடத்திலேயே இழுத்துக் கூப்பிடுகிறது.

"வாங்க, நிழல்ல உக்காருங்க."

தெருக்காரர்கள் குனிந்த தலை நிமிராமல் போய்விடுகிறார்கள். வெளியூர்க்காரர்கள் மட்டும் நின்று, நெற்றியில் கையை வைத்து, அண்ணாந்து மரத்தைத் தேடுகிறார்கள்.